வழக்குள்ளவருக்குப் படிவம் இல்லை

வவுனியா நீர்ப்பாசனக் கந்தோரில் என் கதிரைக்குப் பின்னால் நின்ற அலுமாரிக் கதவில் ஒரு சுற்றறிக்கை ஒட்டியிருந்தது. குற்றவழக்கு நிலுவையில் உள்ள கொந்தராத்துக்காரர் எவருக்கும், அரசாங்க வேலையை விலைகூறி ஒப்பந்தத்துக்குக் கேட்கும் கேள்விப்பத்திரப் படிவம் கொடுக்கக் கூடாது என்பது அதன் சாரம். ஓரம் கிளம்பாமல் நாலு மூலைக்கும் பசை வைத்து ஒட்டியவன் நான்தான். ஐம்பதுகளின் கடைசியில், குளத்து வேலைகளுக்கான படிவங்களெல்லாம் என் மேசை வழியாகவே போய்வந்தன.

நல்ல விதிதான். ஆனால் யாரைத் தடுக்க அது வந்ததோ அவர்கள் ஒருவரும் தடைப்படவில்லை. அரசாங்கச் சீமெந்தைக் களவாக விற்று வழக்கில் மாட்டியவர்கள் பெண்சாதியின் பெயரில் படிவம் எடுத்தார்கள். ஒரு கூடை மண் சுமந்தறியாத பெண்கள் திடீரென்று அணைக்கட்டுக் கொந்தராத்துக்காரிகள் ஆனார்கள். சுற்றறிக்கையில் பெண்சாதியைப் பற்றி ஒன்றும் இல்லையே என்று நானும் முத்திரை குத்தினேன்.

அந்த விதியில் அகப்பட்ட ஒரே ஆள் புளியங்குளத்துக் கொந்தராத்துக்காரர். குளத்திலிருந்து வயலுக்குத் தண்ணீர் திறந்துவிடும் துருசுகளைக் கட்டுபவர். அவர் கட்டியது கசிந்ததென்று என் கோவையில் ஒரு முறைப்பாடும் இல்லை. ஒரு துருசு வேலைக்குக் கேள்விப்பத்திரம் கோர இரண்டு கிழமை இருக்கையில், போட்டிக்காரர் ஒருவரின் ஆள் அவர்மேல் எருமைக் களவு என்று பொலிசில் எழுதிவைத்தான்.

வழக்குக்குத் தவணைமேல் தவணை. ஒருமுறை பொலிஸ்காரர் வரவில்லை. மறுமுறை முறைப்பாட்டுக்காரனுக்குக் காய்ச்சல். ஒவ்வொரு தவணையும் முடிந்து அவர் நேரே என் மேசைக்கு வந்துவிடுவார்.

"கிளாக்கர் தம்பி, கேள்விப்பத்திரப் போம் ஒண்டு தாரும்."

"வழக்கு முடியட்டும் அண்ணை."

"முடிக்கிறது நானே? தவணை போடுறவையைக் கேளும்."

எனக்கு எரிச்சல் பற்றிக்கொண்டு வரும். ஒருநாள் குரலைத் தாழ்த்தி, "அக்காவின்ரை பேரிலை எடுங்கோவன். எல்லாரும் பெண்சாதியின்ரை பேரிலை எடுக்கிறதுதானே" என்றேன்.

"துருசு எங்கையெண்டு கேட்டால் அவா சோத்துப் பானையைக் காட்டுவா" என்று சிரித்தார். பிறகு சிரிப்பை விட்டு, "நான் களவெடுக்கேல்லை. பிறகேன் களவெடுத்தவன்மாதிரி ஒளிக்கச் சொல்லுறீர்?" என்றார்.

அவர் களவெடுக்கவில்லை என்பது எனக்கு நிச்சயமாகத் தெரியும். காட்டோரப் பட்டியிலிருந்து அவர் எருமையைச் சாய்த்து ஓட்டிக்கொண்டு போனதாக முறைப்பாட்டுக்காரன் சொன்ன அந்தக் காலையில், அவர் முடிந்த வேலையொன்றின் வரைபடத்தைத் திருப்பித் தர என் மேசைக்கு முன்னால் நின்றார். அவர் வந்த நேரத்தையும் பதிவேட்டில் எழுதியது என் கை. நீதிமன்றம் எங்கள் கந்தோரிலிருந்து நடந்துபோகும் தூரம்.

"ஒருக்கா வந்து அதைச் சொல்லுமன் தம்பி" என்று அவர் கேட்டார். அரச ஊழியன் சாட்சி சொல்ல மேலிடத்து அனுமதி வேண்டும், எழுதிக் கேட்கிறேன் என்றேன். எழுதவில்லை. அந்தப் போட்டிக்காரர் எங்கள் பெரியதுரையோடு மான் வேட்டைக்குப் போகிறவர். இடமாற்றத்துக்குப் பயந்தேன். வழக்கு இருக்கிறதென்று அவரைத் திருப்பி அனுப்பியவனும் நான்; அந்த வழக்கை முடித்திருக்கக் கூடியவனும் நான்.

இரண்டு மாரிக்காலம் கழிந்து, முறைப்பாட்டுக்காரன் வராததால் வழக்கைத் தள்ளுபடி செய்தார்கள். அன்றும் வந்தார். கேட்கும் முன்பே படிவத்தை எடுத்து நீட்டினேன். வாங்கவில்லை.

"வேண்டாம் தம்பி. என்ரை மேசன்மாரெல்லாம் இரணைமடுப் பக்கம் வேறை ஆக்களிட்டை வேலைக்குப் போயிட்டாங்கள். வழக்கிலையிருந்து விட்டிட்டாங்களெண்டு சொல்லத்தான் வந்தனான்." வாசலில் நின்று திரும்பிப் பார்த்தார். "நான் களவெடுக்கேல்லையெண்டு உமக்குத்தான் முதலே தெரியுமே."

வழக்குள்ளவர்களுக்கு அரசாங்க வேலை கொடுக்கக் கூடாதென்று இப்போதும் பத்திரிகையில் யாராவது எழுதுகிறார்கள். படிக்கும்போதெல்லாம், கேட்க ஆளிருந்தால், இந்தக் கதையைச் சொல்லி விதியைத் திட்டுவேன். கேட்பவர்களும் சேர்ந்து திட்டுவார்கள். அவர் என்னைச் சாட்சிக்குக் கூப்பிட்டதை மட்டும் இதுவரை ஒருவருக்கும் சொன்னதில்லை.