அமிர்தநாத முதலியாரின் பாதி இலை

கனடாவுக்குள் செடி, விதை, மண் ஏதும் கொண்டுவருகிறீர்களா என்று விமானத்தில் தந்த படிவம் கேட்டது. உடுப்புக்குள் முருங்கை விதை சுற்றி வைத்திருந்தவர்கள் உட்பட எல்லோரும் ‘இல்லை’ என்று போட்டார்கள். அமிர்தநாத முதலியார் மட்டும் ‘ஆம்’ என்று போட்டார். முதலியார் பரம்பரை பொய் சொல்லாது. அதற்கு அவர்கள் தனியாக ஆள் வைத்திருந்தார்கள்.

மூன்று மணித்தியாலம் மறித்து வைத்தபின் பெட்டியிலிருந்து வெளிவந்த ‘செடி’, பதினைந்து கோடி வருடங்களுக்கு முன் கல்லில் பதிந்துபோன, பூவே பூக்காத பன்னச் செடி ஒன்றின் இலை.

“இது அழுகிப் போகுமா?” என்று அதிகாரி கேட்டார்.

“இதுவரைக்கும் இல்லை” என்றார் முதலியார்.

அது 1989. பாட்டனாருக்கு வெள்ளைக்காரன் முதலியார் பட்டத்தோடு வாளும் இடைவாரும் கொடுத்திருந்தான். பேரனுக்கு ரொறன்ரோ ஒரு தொப்பியும், கார் நிறுத்துமிடத்து வாசலில் ஒரு கண்ணாடிக் கூண்டும் கொடுத்தது. மன்னாரில் முந்நூறு ஏக்கர் தென்னந்தோட்டத்தை ஆண்ட வம்சம் ஸ்காபரோவில் இருநூற்றுப்பத்துக் கார்களை ஆண்டது. லீவு நாட்களில் டொன் ஆற்றுப் பள்ளத்தாக்கிலுள்ள பழைய செங்கல் குழிக்குப் போய் இலை பதிந்த களிமண் பாளங்களைப் பொறுக்கி வருவார். அப்பார்ட்மென்றில் அரிசி கட்டிலுக்குக் கீழே கிடந்தது. அரிசித் தட்டில் கற்கள் கொலுவிருந்தன.

“உந்தக் குப்பையை ஏன் சுமக்கிறியள் முதலியார்?” என்பான், கூண்டில் அடுத்த முறைக்கு வரும் றெமிஜியஸ்.

“டேய், இது லட்சம் வருசத்து மேப்பிள் இலை.”

“அப்ப சிரப் வருமோ?”

இந்த மகா ஆராய்ச்சியில் ஒரேயொரு குறை இருந்தது. இலை பதிந்த கல்லைப் பிளந்தால் அதன் சுவடு இரண்டு பக்கமும் வரும். விமான நிலையத்தில் மறிபட்ட அந்தப் பன்னக் கல்லில் முதலியாரிடம் இருந்தது ஒரு பக்கம்தான். இலைக்காம்பு மற்றப் பக்கத்தில். மற்றப் பக்கம் எமில்டாவிடம்.

1966இல் புத்தளத்துக்கு அங்கால் தப்போவக் குளத்தடிக்குத் தாவரவியல் ரீச்சர் எமில்டா பிள்ளைகளைக் கூட்டிப் போனா. முதலியார் தன்னுடைய ஜீப்போடு போனார். காவலுக்கு வந்த கன்னியாஸ்திரி மர நிழலில் கண்ணயர்ந்த நேரம், எமில்டா உளியைப் பிடிக்க முதலியார் சுத்தியலால் அடித்தார். கல் திறந்தது. ஆளுக்கொரு பாதி எடுத்துக்கொண்டு, கலியாணத்தன்று சேர்த்து வைப்பதென்று பேச்சு. மீன் தரகரின் மகள் என்று முதலியாரின் தகப்பனார் குரலை உயர்த்தியதும் நம் வீரர் எமில்டாவிடம், “யோசிச்சுச் சொல்லுறன்” என்றார். நிதானமான மனிதர். அவர் யோசித்துக்கொண்டிருக்கையில் எமில்டா ஒரு தபாலதிபரைக் கட்டி, ஒரு மகளைப் பெற்று, விதவையும் ஆனா. முதலியார் கட்டவேயில்லை.

1994 வைகாசியில் றெமிஜியஸ் செய்தி கொண்டுவந்தான். “மன்னார் எமில்டா ரீச்சர் இஞ்ச பார்க்டேலில மகளோட இருக்கிறாவாம். கோயிலில கண்டனான்.”

“அந்த இலைக்காம்பை ஒருக்காப் பாக்கவேணும்” என்றார் முதலியார். “விஞ்ஞானத் தேவை.”

“ஓமோம். விஞ்ஞானத்துக்கு ஷேவ் எடுத்திட்டுப் போங்கோ.”

பஸ், சப்வே, ஸ்ரீட்கார் என்று மூன்று வாகனம் மாறி, கழுத்துப்பட்டியோடு, மடியில் துவாயால் சுற்றிய கல்லோடு விஞ்ஞானம் போய்ச் சேர்ந்தது. மகள் றெபேக்கா கதவைத் திறந்து இருத்திவிட்டு, ரீ போடக் குசினிக்குள் போனாள். எமில்டா வந்தா. நரைத்திருந்தா. முதலியார் இருபத்தெட்டு வருடமாகத் தயாரித்த வசனத்தை விழுங்கி, “மற்றப் பாதி இருக்கோ?” என்றார்.

“இல்லை. தொண்ணூறில சண்டைக்குள்ள கடலால ஓடேக்க ஆளுக்கு ஒரு பைதான் எண்டான் வள்ளக்காரன். முதல் கல்லைத்தான் வைச்சன். பிறகு எடுத்துப்போட்டுப் பிள்ளையின்ர உடுப்பை வைச்சன்.”

முதலியார் துவாயை விரித்தார். எமில்டா குனிந்து பார்த்தா.

“நீங்கள் அண்டைக்கு அவசரத்தில பள்ளமான பக்கத்தை எடுத்திட்டியள். இது வெறும் அச்சு. இலை இருந்தது என்ர பக்கம்.”

“தெரியும். தெரிஞ்சுதான் எடுத்தனான்.”

அவர் வாழ்க்கையில் செய்த ஒரே துணிச்சலான காரியம் அது. அதையும் அவர் எவருக்கும் சொன்னதில்லை.

“அவ்வளவு தெரிஞ்ச மனுசன் ஏன் வரேல்லை?”

முதலியார் துவாயின் ஓரத்தை மடித்தார், விரித்தார். றெபேக்கா ரீயைக் கொண்டுவந்து வைத்துவிட்டுப் போனாள். எமில்டா றெபேக்காவின் பென்சிலை எடுத்து, ரெலிபோன் பில் வந்த கடித உறையின் பின்புறத்தில் கீறத் தொடங்கினா. காம்பு, காம்படியில் ஒரு முறிவு, இடப்பக்கம் மூன்றாவது சிற்றிலையில் ஏதோ பூச்சி கடித்த பிறைத்துளை. நிறுத்தவோ அழிக்கவோ இல்லை. அந்தத் துளை கல்லில் இருந்த துளையோடு அப்படியே பொருந்தியது. ஒரு கல்லை எத்தனை நாள் பார்த்தால் இப்படிக் கீறலாம் என்று முதலியாருக்குத் தெரியும். அவரும் அத்தனை நாள் பார்த்தவர்.

“இந்தாங்கோ, உங்கட காம்பு. கல்லை விட்டிட்டுப் போங்கோ.”

தூசு தட்டக்கூட ஒருவரையும் விடாதவர், “எவ்வளவு நாளைக்கு?” என்றார்.

“நீங்கள் வந்து கேக்குமட்டும்.”

கீழே தரிப்பிடத்தில் மூன்று ஸ்ரீட்கார்கள் வந்து போயின. முதலியார் ஏறவில்லை. கடித உறையைக் கோட்டுக்குள் அழுத்திப் பிடித்தபடி அண்ணாந்து நின்றார். நாலாம் மாடி யன்னலில் நரைத்த தலைக்காரி ஒருத்தி கையில் எதையோ வைத்து, வெளிச்சம் விழும் பக்கமாகச் சரித்துச் சரித்துப் பார்த்துக்கொண்டிருந்தாள்.