யாரும் தராத தண்டனை

1909இல் வியன்னாவின் ஹெர்னால்ஸ் பகுதியில், நாலாவது மாடியில் குடியிருந்தார் ஃபெர்டினண்ட் வோட்ரூபா. கையுறைக்குத் தோல் வெட்டும் தொழில். ஈயைக்கூட அடிக்க மனம் வராத மனுஷன். ஆனால் நாலு வயது மகள் மில்லியைத் தூக்கினால் போதும், தலைக்குள் ஒரு குரல் கேட்கும்: ‘ஜன்னல் வழியா போட்டுடு.’

பயந்துபோய் ஜன்னலுக்கு ஆணி அடித்தார்.

“கோஸ் வேகுற வீட்ல ஜன்னலுக்கு ஆணியா? எங்களையும் சேத்து அவிச்சு எடுக்கவா, ஃபெர்டில்?” என்றாள் மனைவி ஹெட்விக். காரணம் தெரிந்தபின் அவள் கேலி செய்யவில்லை. மனநோய் பார்க்கும் டாக்டர் லிண்டவரிடம் அனுப்பினாள்.

டாக்டர் அவரைச் சாய்வுக் கட்டிலில் படுக்கவைத்து, தலைமாட்டில் மறைவாக உட்கார்ந்துகொண்டார். மனதில் வருவதையெல்லாம் சொல்ல வேண்டும். வோட்ரூபாவுக்கு அது பழகிய ஏற்பாடாகவே பட்டது. மாதா கோயிலில் பாதிரியாரிடம் பாவத்தைச் சொல்லும் பாவசங்கீர்த்தனத்திலும் கேட்பவர் முகம் தெரியாதே. மூன்று மாதம் பேசினார். ஆறு வயதில் தங்கை பிறந்ததும் அம்மாவின் மடி பறிபோனது, தங்கை தொலையட்டும் என்று நினைத்தது, அவள் காய்ச்சலில் செத்தது, எல்லாம் வெளியே வந்தது. சொல்லிவிட்டுக் காத்திருந்தார்.

“எனக்கு என்ன தண்டனை, டாக்டரய்யா?”

“தண்டனையா? நீங்க எதுவும் செய்யலியே. நினைப்பு ஆளைக் கொல்லாது.”

நேராகப் பாதிரியாரிடம் போய் அதே கதையைச் சொன்னார்.

“மறுபடியும் நீயா! ஆறு வயசுப் பிள்ளைக்கு ஏதுய்யா பாவம்? வீட்டுக்குப் போய் சூப்பைக் குடி.”

“பத்து ஜெபமாவது சொல்லச் சொல்லுங்க, சாமி.”

“ஒண்ணுகூட மாட்டேன். இன்னைக்குப் பத்துன்னா நாளைக்கு நூறு கேப்ப.”

ஹெட்விக்குக்குக் கொண்டாட்டம். குறட்டால் ஆணிகளைப் பிடுங்கினாள். மில்லியை அவர் மடியில் வைத்தாள். குழந்தையின் தலைமுடியில் சோப்பு வாசனை. குரல் முன்னைவிடத் தெளிவாகச் சொன்னது: ‘இனி உன்னைத் தடுக்க யாருமில்ல.’

அவர் குழந்தையை மெல்ல இறக்கிவிட்டு, துணிகளை மூட்டை கட்டினார்.

“ரெண்டு பேரும் உன்மேல தப்பில்லைன்னுட்டாங்க. அப்புறம் யாருக்குப் பயந்து ஓடுற?”

“அவங்க ரெண்டு பேரும் இவளோட ஒரே வீட்ல படுக்கலியே, ஹெட்டி.”

ஊரின் மறுகோடியில், ஒரு செங்கல் தொழிலாளி வீட்டுச் சமையலறையில் படுக்க இடம் பிடித்தார். தரைத்தளம். ஞாயிறுதோறும் ஹெட்விக் மில்லியை அழைத்து வருவாள். அவர் இரண்டு கைகளையும் கோட்டுப் பைக்குள் திணித்துக்கொண்டு வாசலில் நிற்பார். மில்லி அந்தக் கைகளை வெளியே இழுக்கப் பார்ப்பாள். மார்கழிக் குளிர் வந்தபோது அவள் இழுப்பதை விட்டிருந்தாள்.