நைனாவின் வாத்து

ஆண்டர்சன்பேட்டை டாக்கீஸில் ஞாயிற்றுக்கிழமை காலையில் ஒரு பொம்மைப் படம் போடப்போகிறார்கள் என்று நோட்டீஸ் வந்தபோது, பாலகாட்டில் சுரங்கத் தொழிலாளர் குடியிருந்த எங்கள் லைன் வீட்டுப் பிள்ளைகள் யாரும் அதைப் பெரிதாக எடுத்துக்கொள்ளவில்லை. இங்கிலீஷ் படம், அதுவும் ஆள் நடிக்காத படம். என் தம்பி மட்டும் ஒரு நோட்டீஸைப் பிடுங்கிக்கொண்டு வீட்டுக்குள் ஓடினான். பெரிய தொப்பி போட்ட ஒரு குள்ள மனிதனும், அவன் தலைக்கு மேலே கழுத்தை நீட்டிக்கொண்டு நிற்கும் ஒரு வாத்தும் அதில் இருந்தார்கள்.

"நைனா, நம்ம குள்ளத்தொப்பி! நம்ம வாத்து!"

கட்டிலில் சாய்ந்திருந்த நைனா அதை வாங்கி வெகுநேரம் பார்த்தார். "ஆமாண்டா. இவனுங்க எப்படிடா சினிமாவுக்குப் போனாங்க?" என்றார். ஒரு வாக்கியம் முடிப்பதற்குள் இரண்டு தடவை மூச்சு வாங்கியது.

குள்ளத்தொப்பியை எங்கள் வீட்டுக்குக் கூட்டிவந்தவரே நைனாதான். கடைத்தெருவில் எங்களுக்குப் பழக்கமான மளிகைக்கடையில் பொட்டலம் கட்டப் பழைய இங்கிலீஷ் பேப்பரை எடைக்கு வாங்கிப் போட்டிருப்பார்கள். அதில் ஒரு மூலையில் கட்டம் கட்டமாக வரும் படக்கதை அது. குள்ளன், அவனைவிட உயரமான பெண்டாட்டி, எதற்கெடுத்தாலும் வாயைத் திறக்கும் வாத்து. நைனாவுக்கு இங்கிலீஷ் தெரியாது. பருப்புப் பொட்டலத்தைப் பிரித்ததும் காகிதத்தை முழங்காலில் வைத்துத் தடவி நீவிவிட்டு, அவராகவே பேச ஆரம்பிப்பார். குள்ளனுக்கு அவருடைய சொந்தக் குரல். வாத்துக்குச் சுரங்கத்தில் அவருக்கு மேலே இருந்த மேஸ்திரியின் குரல்: "இன்னாய்யா, கீழ எறங்குற கேஜ் வந்து எம்மா நேரமாச்சு, இன்னும் பல்லு வெளக்கிக்கினு கீற?" பெண்டாட்டிக்கு என் அம்மாவின் குரல். அதைக் கேட்டால் அம்மா அடுப்படியிலிருந்து கரண்டியைக் காட்டுவாள்.

மளிகைக்கடைக்காரருக்கும் விஷயம் தெரிந்துபோய், அந்த மூலையை மட்டும் கிழித்து எடுத்துவைக்கத் தொடங்கினார். வரிசையாகக் கிடைக்காது. ஒரு துண்டில் குள்ளன் வீட்டுக்கூரை காற்றில் பறந்துபோயிருக்கும். அடுத்ததில் கூரை பத்திரமாக இருக்கும், வாத்தின் கழுத்தில் கட்டுப் போட்டிருக்கும். நடுவில் என்ன நடந்தது என்பதை நைனா சொல்வார். அச்சடித்த கதையைவிட அவர் இட்டு நிரப்பியது அதிகமாக இருக்கும். ஷிப்ட் முடிந்து வந்து தலையில் தண்ணீர் ஊற்றிக்கொண்டு உட்கார்ந்தால், சோறு ஆறும்வரை பேசுவார். என் தம்பி கேட்டுக்கொண்டே தூங்கிப்போவான்.

நைனாவுக்கு வேலை பூமிக்கு அடியில், பாறையில் டிரில் மிஷின் பிடிப்பது. எத்தனையோ வருஷம் அந்தத் தூசியை மூச்சாக இழுத்தவர். முதலில் வறட்டு இருமல் வந்தது. பிறகு மேட்டில் ஏறி வரும்போது நடுவில் நிற்க ஆரம்பித்தார். ஆஸ்பத்திரியில் நெஞ்சைப் படம் பிடித்துப் பார்த்துவிட்டு, இனிமேல் கீழே இறங்கவேண்டாம் என்று மேலேயே லேசான வேலை கொடுத்தார்கள். லைனில் அந்த வியாதி வராத வீடு குறைவு. அதனால் யாரும் பெரிதாகப் பேசவில்லை. அம்மாகூட எங்கள் எதிரில் அழவில்லை.

கதை சொல்வது மட்டும் மாறிப்போனது. பெண்டாட்டியின் குரல்தான் முதலில் போனது. அவ்வளவு உச்சத்துக்குப் போக அவருக்கு மூச்சு போதவில்லை. கொஞ்ச நாள் கழித்து வாத்தும் பேச்சை நிறுத்தியது. மேஸ்திரி மாதிரிக் கத்தினால் அரைமணி நேரம் இருமல் பிடித்துக்கொள்ளும். கடைசியில் குள்ளன் மட்டும் மிச்சம். வீட்டில் தனியாக உட்கார்ந்து தனக்குத்தானே பேசிக்கொள்ளும் ஆளாக ஆகிவிட்டான் அவன்.

"மத்தவங்க எங்க நைனா?" என்று தம்பி கேட்டான்.

"ஊருக்குப் போயிருக்காங்க கண்ணு."

"எப்ப வருவாங்க?"

"வருவாங்க."

அதனால்தான் நோட்டீஸைப் பார்த்ததும் அவனுக்கு அத்தனை குதூகலம். ஊருக்குப் போனவர்கள் ஞாயிற்றுக்கிழமை திரும்பி வருகிறார்கள் என்று பக்கத்து வீட்டிலெல்லாம் போய்ச் சொல்லிவிட்டு வந்தான்.

அம்மாவுக்கு இஷ்டமில்லை. "பனி கொட்டுது. அங்க ஒரே பீடிப் புகை. வேணாங்க," என்றாள். நைனா சட்டை மாட்டிக்கொண்டார். "புள்ள ஆசப்படுறான். உக்காந்துதான பார்க்கப்போறோம்?" என்றார். நடக்க முடியாது என்பதால் ஜட்கா பிடித்தோம். வழியெல்லாம் தம்பி வண்டிக்காரரிடம் வாத்தைப் பற்றியே பேசிக்கொண்டு வந்தான்.

கொட்டகையில் முன்பாதி முழுக்கப் பிள்ளைகள். விளக்கு அணைந்து, கலரில் குள்ளத்தொப்பி நடந்து வந்தான். வீடு, வேலி, கூரை எல்லாம் நாங்கள் காகிதத்தில் பார்த்தபடியே இருந்தன. ஆனால் அவன் வாயைத் திறந்ததும் கனமான ஒரு துரையின் குரல் வந்தது. வாத்து கீச்சுக் குரலில் மடமடவென்று இங்கிலீஷ் பேசியது. கான்வென்ட் பிள்ளைகள் சிரித்தார்கள். தம்பி என் கையைப் பிடித்துக்கொண்டான்.

"இது அவங்க குரல் இல்லக்கா. வேற யாரோ பேசுறாங்க."

அவனுக்கு உதடு பிதுங்கிவிட்டது. நைனா அதைக் கவனித்திருக்க வேண்டும். அவன் காதருகே குனிந்து மெதுவாகச் சொல்லத் தொடங்கினார். திரையில் குள்ளன் பேசும்போதெல்லாம் நைனாவும் பேசினார். முன்பெஞ்சுப் பையன் திரும்பிப் பார்த்தான். "பெரியப்பா, எனக்கும் சொல்லுங்க," என்றான். பின்னால் கைக்குழந்தையோடு இருந்த ஒரு பெண், "அண்ணா, கொஞ்சம் சத்தமா சொல்லுங்க, எங்களுக்கு இன்னா புரியுது?" என்றாள். அம்மா நைனாவின் முழங்கையைத் தொட்டாள். அவர் நிறுத்தவில்லை. பெண்டாட்டிக்கு முடிந்தவரை குரலை உயர்த்தினார். அப்புறம் வாத்து ஒரு சட்டியைக் கவிழ்த்துவிட்டு இறக்கையை அடித்துக்கொண்டு நின்றபோது, பழைய மேஸ்திரிக் குரலில், "நான் இன்னா பண்ணுவேன்? சட்டிக்குத்தான் கண்ணு தெரியல!" என்றார். அந்தப் பக்கமெல்லாம் ஒரே சிரிப்பு. தம்பி பெஞ்சின்மேல் ஏறி நின்று கைதட்டினான். நைனா அவ்வளவு சந்தோஷமாக இருந்து நான் பார்த்து வெகுகாலம் ஆகியிருந்தது.

இருமல் அப்போதுதான் பிடித்தது. வழக்கமான இருமல் இல்லை. மடங்கி முன்பெஞ்சில் நெற்றியை முட்டுக்கொடுத்துக்கொண்டார். மூச்சு உள்ளே போகவே இல்லை. டார்ச் லைட்டோடு வந்த கொட்டகை ஆள் கீழே குனிந்து, "அம்மா, வெளியில காத்தாட உக்கார வைங்க," என்று தணிவாகச் சொன்னார். அம்மாவும் அவருமாகத் தாங்கி அழைத்துப்போனார்கள். "நீ தம்பியப் பாத்துக்கோ," என்று அம்மா திரும்பிச் சொன்னாள்.

படம் ஓடிக்கொண்டிருந்தது. முன்பெஞ்சுப் பையன் என்னைப் பார்த்தான். பள்ளிக்கூடத்தில் படித்த இங்கிலீஷை வைத்துக்கொண்டு, அவர்கள் நிஜமாக என்ன பேசுகிறார்கள் என்று சொல்லிப் பார்த்தேன். "அவரு சொன்னதுதான் நல்லா இருந்துச்சு," என்று அவன் திரும்பிக்கொண்டான். வாத்து ஒரு பனிமலையில் தொலைந்துபோனது. குள்ளன் தேடிக்கொண்டு போனான். தம்பி திரையைப் பார்க்காமல் கதவையே பார்த்துக்கொண்டிருந்தான்.

வெளியே சோடாக்கடைப் படியில் நைனா உட்கார்ந்திருந்தார். அம்மா முதுகைத் தடவிக்கொண்டிருந்தாள். முகம் சாம்பல் பூத்துப்போயிருந்தது, உதடு நீலமாக இருந்தது. எங்களைப் பார்த்ததும் கேட்டார்: "வாத்து இன்னா ஆச்சு?"

"தொலைஞ்சு போயி வீட்டுக்கு வந்துடுச்சு நைனா," என்றேன்.

"அப்படியா?" கொஞ்சம் யோசித்தார். "நான் வேற மாதிரி நெனச்சேன்."

"எப்படி நைனா?" என்று தம்பி கேட்டான்.

அப்புறம் சொல்கிறேன் என்பது போலக் கையை ஆட்டினார். திரும்பவும் ஜட்கா பிடித்தோம். அம்மாவின் தோளில் சாய்ந்து கண்ணை மூடிக்கொண்டே வந்தார்.

அந்த வாரமே ஆஸ்பத்திரியில் சேர்த்தார்கள். படுத்தால் மூச்சு முட்டும் என்று தலையணைகளை அடுக்கி உட்கார்த்தி வைத்திருந்தார்கள். ஒரு நாள் மத்தியானம் நாங்கள் போனபோது அம்மா கட்டிலோரத்தில் இருந்தாள். எங்கள் படக்கதையை எந்தக் காலத்திலும் கையால் தொடாதவள், கடைக்காரர் கொடுத்தனுப்பிய ஒரு துண்டை வெளிச்சத்தில் பிடித்துக்கொண்டிருந்தாள். எங்களை அவள் கவனிக்கவில்லை. "ஏன்யா, தொப்பிய எங்க வெச்சித் தொலைச்ச? நான் ஒருத்தி எத்தனன்னுதான் பார்க்குறது?" என்று தன் சொந்தக் குரலில் குள்ளனைத் திட்டினாள். அப்புறம் அடுத்த கட்டத்துக்கு விரலை நகர்த்தினாள். நைனா சிரிக்க முயன்றார். சத்தம் வரவில்லை, தோள் மட்டும் குலுங்கியது. தம்பி உள்ளே போகப் பார்த்தான். நான் அவன் சட்டையைப் பிடித்து நிறுத்தினேன். நாங்கள் வாசலிலேயே நின்றோம்.

பனிக்காலம் முடிவதற்குள் நைனா போய்விட்டார். மளிகைக்கடைக்காரர் கடையைச் சாத்திவிட்டுக் காரியத்துக்கு வந்தார். வெகுநேரம் நின்றுவிட்டு, அம்மாவைக் கையெடுத்துக் கும்பிட்டுப் போனார்.

தம்பி பல வாரம் மளிகைக்கடைப் பக்கமே போகவில்லை. அம்மா அவனை வற்புறுத்தவும் இல்லை. லைன் வீடு வேலை செய்கிறவருக்கு உண்டானது. கொஞ்ச நாள் தவணை கொடுத்தார்கள், பிறகு காலி செய்யவேண்டியதாயிற்று. ஆண்டர்சன்பேட்டையில் ஒரு பின்கட்டில் ஒற்றை அறை கிடைத்தது. அம்மா ஒரு பள்ளிக்கூடத்தில் ஆயா வேலைக்குப் போனாள். அந்த அறைக்குப் பகலிலும் வெளிச்சம் வராது. குழாயில் பேத்தமங்களா ஏரித் தண்ணீர் எப்போது வரும் என்று சொல்ல முடியாது. விடியும் முன்பே அம்மா குடத்தை வரிசையில் போட்டுவிட்டு, பக்கத்தில் சுவரோரமாக உட்கார்ந்துகொள்வாள். குளிருக்கு நைனாவின் சட்டையைப் புடவைக்கு மேல் மாட்டியிருப்பாள். தண்ணீர் வந்ததும் என்னை எழுப்ப வருவாள். சில நாள் வெறும் குடத்தோடு திரும்பி வந்து அடுப்பைப் பற்றவைப்பாள்.