புல்லில் படுத்தவள்

முதலில் சுட வேண்டும். அந்த விளையாட்டைப் பற்றி என்னிடம் கேட்டால் நான் சொல்வது அவ்வளவுதான். பொறுமை, பதுங்கல், நேரம் பார்த்து அடித்தல் என்று யாராவது ஆரம்பித்தால் எனக்குப் பற்றிக்கொண்டு வரும். துப்பாக்கியைக் கையில் கொடுத்துவிட்டுச் சுடாதே என்றால் பிறகு எதற்குத் துப்பாக்கி?

தெரியாதவர்களுக்காகச் சொல்லிவிடுகிறேன். போனில் ஆடுகிற ஆட்டம் அது. நூறு பேர் விமானத்திலிருந்து ஒரு தீவில் குதிப்பார்கள். கீழே வீடுகளில் கிடக்கும் துப்பாக்கி, தோட்டா, கட்டுப் போடும் துணி எல்லாவற்றையும் பொறுக்கிக்கொண்டு ஒருவரையொருவர் சுடுவார்கள். தீவைச் சுற்றி நீல நிறத்தில் ஒரு வட்டம் சுருங்கிக்கொண்டே வரும். வட்டத்துக்கு வெளியே நின்றால் உயிர் போகும், உள்ளே நின்றால் யாராவது சுடுவார்கள். கடைசியில் எந்த அணியில் உயிர் மிச்சம் இருக்கிறதோ அந்த அணி ஜெயித்தது.

எங்கள் அணியில் மூன்று பேர். ஆந்திர எல்லையில் சத்தியவேட்டில் ஒரு மாடி அறையில் சேர்ந்து குடியிருக்கிறோம், ஸ்ரீ சிட்டி தொழிற்பேட்டையில் ஒரே தொழிற்சாலையில் வேலை. போனுக்குள் போகிற சர்க்யூட் பலகையில் சாமான்கள் சரியாக உட்கார்ந்திருக்கின்றனவா என்று பூதக்கண்ணாடி வழியாகப் பார்க்கும் வேலை. நான் குடிபாலாக்காரி, வயதில் மூத்தவள், அதனால் அணித்தலைவி. இரண்டாவது நகரிக்காரி. கட்டுத்துணி, மருந்து எது கிடந்தாலும் பொறுக்கிப் பையில் வைத்துக்கொள்வாள், செத்தாலும் நமக்கு ஒன்று தர மாட்டாள். மூன்றாவது புத்தூர்ப் பக்கத்துப் பெண், எங்களில் சின்னவள். முழங்காலைத் தொடும் முடி அவளுக்கு. அதைச் சுருட்டித் தொழிற்சாலைத் தொப்பிக்குள் திணிப்பதற்கு நானும் நகரிக்காரியும் தினமும் இரண்டு பக்கமும் நின்று பாடுபடுவோம். அப்படியும் தொப்பி ஒரு பக்கம் பூசணிக்காய் மாதிரி புடைத்துக்கொண்டு நிற்கும்.

முதல் ஷிப்ட் முடித்து, கம்பெனி பஸ்ஸில் வந்து இறங்கி, தின்றுவிட்டு உட்கார்ந்தால் சாயங்காலம் குழாயில் தண்ணீர் வரும்வரை ஆட்டம்தான். சின்னவள் ஆடுவதை முதல் நாள் பார்த்தபோதே எனக்குத் திக்கென்றது. குதித்தாள், ஒரு கொட்டகைக்குள் போய்க் கிடைத்ததை எடுத்தாள், வெளியே வந்து புல்லில் குப்புறப் படுத்துவிட்டாள். அவ்வளவுதான். பக்கத்தில் ஆட்கள் ஓடுகிறார்கள், இவள் அசையவில்லை. நான் அடிபட்டுத் தவழ்ந்துகொண்டிருக்கிறேன், இவள் அசையவில்லை.

"சுடுடி! உன் எதிர்லயே போய்க்கினு இருக்கான், சுடுடி!" என்று கத்தினேன்.

"சுட்டா நான் எங்க இருக்கிறேன்னு தெரிஞ்சிடும்க்கா" என்றாள்.

"தெரிஞ்சா தெரியட்டும். எதுக்குடி வந்த, படுத்துத் தூங்கவா?"

நானும் செத்தேன், நகரிக்காரியும் பை நிறைய மருந்தோடு செத்தாள். சின்னவள் மட்டும் கடைசி ஐந்தாறு பேர் வரை போனாள். வட்டம் சுருங்கும்போது மட்டும் கொஞ்சம் கொஞ்சமாக ஊர்ந்தாள். அன்றைக்கு ஒரு குண்டு கூடச் சுடவில்லை. இப்படியும் ஒரு ஜென்மமா என்று தலையில் அடித்துக்கொண்டேன்.

அவளுக்கென்று சில சட்டங்கள் இருந்தன. எல்லோரும் குதிக்கிற ஊரில் குதிக்க மாட்டாள். சத்தம் கேட்கிற திசைக்குப் போக மாட்டாள். ஒரே புல்லில் இரண்டு முறை படுக்க மாட்டாள், ஒரு தடவை பிழைத்த இடத்தை அடுத்த தடவை எவனாவது பார்த்து வைத்திருப்பான் என்பாள். நான் இதையெல்லாம் கிண்டல் பண்ணுவேன். "புத்தூர் கோழை" என்றுதான் கூப்பிடுவேன். சிரித்துக்கொள்வாள்.

மாசி மாதம் அவளைப் பெண் பார்க்க வந்தார்கள். மாப்பிள்ளைக்குச் சித்தூரில் மாந்தோப்பும் டிராக்டரும் இருந்தன. அவனுடைய அம்மா இவள் பின்னலை அவிழ்த்து, கையில் ஏந்திப் பார்த்து, "இந்த முடிக்காகவே பொண்ணு எடுக்கலாம்" என்றாளாம். கூடவே, கல்யாணத்துக்குப் பிறகு வேலைக்கு அனுப்புவதாக இல்லை என்றும் சொல்லிவிட்டார்கள். அந்த மாதம்தான் சின்னவளுக்கு உற்பத்தி வரிசை மேற்பார்வைக்கான பயிற்சியில் இடம் கிடைத்திருந்தது. எங்கள் தொழிற்சாலையில் அது லேசில் கிடைக்காது. எனக்கே கிடைத்ததில்லை.

"வேணாம்னு சொன்னியா?" என்று கேட்டேன்.

"சொன்னேன்க்கா. நைனா சும்மா இருன்னுட்டாரு."

"அவ்ளோதானா?"

"திரும்பவும் சொன்னேன். அவருக்கு நெஞ்சு வலிக்குதுன்னு அம்மா போன்ல அழுவுறாங்க."

எனக்கு உடம்பெல்லாம் எரிந்தது. நானே புத்தூருக்கு வருகிறேன், உங்கள் நைனாவிடம் நான் பேசுகிறேன் என்று குதித்தேன். வேண்டாம் என்று கையைப் பிடித்துக்கொண்டாள். வெள்ளிக்கிழமை நிச்சயதார்த்தம் என்று ஆயிற்று. அவள் வழக்கம்போல வேலைக்கு வந்தாள், பயிற்சிக்குப் போனாள், சாயங்காலம் புல்லில் படுத்தாள். அவளைப் பார்க்கப் பார்க்க எனக்கு ஆத்திரம்தான் வந்தது. உண்மையிலேயே கோழைதான் என்று முடிவு கட்டிவிட்டேன்.

அந்த வெள்ளிக்கு முந்தின ஞாயிற்றுக்கிழமை திருப்பதியில் ஒரு புதிய போன் கடை திறப்பு. அதற்காக ஒரு கல்யாண மண்டபத்தில் இந்த விளையாட்டில் போட்டி வைத்தார்கள். மூன்று பேரும் போனோம். மண்டபம் முழுக்கக் கல்லூரிப் பையன்கள். எங்களைப் பார்த்துத் தெலுங்கில் ஏதோ சொல்லிச் சிரித்தார்கள். வருகிற வழியில் பஸ்ஸிலேயே, "ஜெயிச்சா மூணு பேரும் மொட்டை" என்று நகரிக்காரி வேடிக்கையாகச் சொல்லியிருந்தாள். எங்கள் பக்கத்தில் எதற்கெடுத்தாலும் ஏழுமலையானுக்கு ஒரு மொக்கு வைத்துவிடுவோம். வேண்டுதலைத்தான் அப்படிச் சொல்வோம். பரீட்சைக்கு மொக்கு, பிரசவத்துக்கு மொக்கு, எருமை காணாமல் போனாலும் மொக்கு.

கடைசி ஆட்டத்தில் வட்டம் ஒரு களத்துமேடு அளவுக்குச் சுருங்கிவிட்டது. மூன்று அணிகள் மிச்சம். எங்கள் மூன்று பேருக்கும் உயிர் இருந்தது, இதற்கு முன்னால் இப்படி நடந்ததே இல்லை. எதிரே பாறைக்குப் பின்னால் ஒருவன் தலை தெரிந்தது.

"சுடாதக்கா" என்றாள் சின்னவள், என் பக்கத்து நாற்காலியிலிருந்து. "அவங்களும் அந்தப் பக்கம் இருக்கிறவங்களும் அடிச்சிக்குவாங்க. சத்தம் போடாம இரு."

தலை தெரிகிறது, சுடாமல் எப்படி இருப்பது? சுட்டேன். அவன் விழுந்தான். அதே நொடியில் இரண்டு பக்கத்திலிருந்தும் எங்கள் மேல் குண்டு மழை பொழிந்தது. நானும் போனேன், நகரிக்காரியும் போனாள். சின்னவள் மட்டும் எப்படியோ இரண்டாமிடம் வரை ஊர்ந்தாள். முதல் பரிசு ஹெட்போன், எங்களுக்குத் தண்ணீர் பாட்டில்.

வெளியே வந்ததும், "நீங்க பஸ் ஏறுங்க, நான் மேல போயிட்டு வரேன். நாளைக்கு லீவு சொல்லிட்டேன்" என்றாள் சின்னவள். மலையடிவாரம் அலிபிரி வரை கூடப் போனோம். முதல் படியில் சூடம் ஏற்றினாள், செருப்பைக் கழற்றிப் பையில் போட்டாள். பை கொஞ்சம் பெரிதாகத்தான் இருந்தது. நிச்சயத்துக்கு முன்னால் சாமியைப் பார்த்துவிட்டு வரட்டும் என்று நினைத்துக்கொண்டோம்.

திங்கட்கிழமை ஷிப்ட் முடித்து வந்து சோறு வடித்துக்கொண்டிருந்தேன். கதவு தட்டும் சத்தம். திறந்தேன்.

வாசலில் யாரோ ஒரு பையன் நிற்கிறான் என்றுதான் முதலில் நினைத்தேன். சுடிதார் போட்ட பையன். தலை முழுக்கச் சந்தனம், அதன் மேல் துப்பட்டா. பிறகுதான் சின்னவளின் கண்கள் தெரிந்தன. நான் போட்ட அலறலில் கீழ் வீட்டுக்காரர்கள் மாடிக்கு ஓடி வந்துவிட்டார்கள். வடிகட்டி கையிலிருந்து விழுந்து சோறெல்லாம் தரையில். நகரிக்காரி வந்து பார்த்துச் சுவரைப் பிடித்துக்கொண்டு நின்றாள்.

"இன்னாடி பண்ண? இன்னாடி பண்ணிக்கினு வந்து நிக்கிற?" என்று அவள் தோளைப் பிடித்து உலுக்கினேன். அந்தத் தலையைத் தொடப் பயமாக இருந்தது. தினமும் காலையில் நான் சுருட்டித் திணித்த முடி. எனக்கு அழுகை வந்துவிட்டது.

"முதல்ல உள்ள விடுக்கா. நைனாவுக்குப் போன் பண்ணணும்" என்றாள்.

உட்கார்ந்து, வீடியோவில் கூப்பிட்டு, துப்பட்டாவை எடுத்தாள். எதிரே அவள் அப்பா முகம் வந்தது. அந்த முகம் அசையவே இல்லை, படம் நின்றுவிட்டதோ என்று நினைத்தேன். பிறகு, "ஏமிமா இது? வெள்ளிக்கிழம நிச்சயம் வச்சிக்கினு ஏமிமா இது?" என்றார்.

"மொக்கு நைனா."

ஒரே ஒரு வார்த்தை. அந்த மனிதர் திறந்த வாயை மூடினார். திட்ட வந்த கோபம் முகத்தில் அப்படியே நின்றது, கைகள் மட்டும் மெல்ல மேலே போய்த் தலைக்கு மேல் சேர்ந்தன. "கோவிந்தா" என்றார். எங்கள் பக்கத்தில் அதற்கு மேல் யாரும் எதுவும் பேச முடியாது. சாமிக்குக் கொடுத்ததை ஏன் கொடுத்தாய் என்று கேட்கிற அப்பன் எங்கள் ஜில்லாவிலேயே கிடையாது.

மாப்பிள்ளை வீட்டிலும் அதே கதைதான். அந்த அம்மாள் போனில் கன்னத்தில் போட்டுக்கொண்டாளாம். ஆனால் மொட்டைத் தலையோடு நலங்கும் பூவும் எப்படி வைப்பது, போட்டோவில் எப்படி இருக்கும்? முடி வளரட்டும், பிறகு பார்க்கலாம் என்றார்கள். யாரும் யாரையும் திட்டவில்லை, யாரும் அழவில்லை. மாம்பழம் அறுவடை முடிவதற்குள் அந்த மாப்பிள்ளைக்குப் பலமநேரிலிருந்து வேறு பெண் அமைந்துவிட்டது. சின்னவள் பயிற்சியை முடித்து வரிசைக்கு மேற்பார்வையாளர் ஆனாள். எனக்கும் சேர்த்துத்தான். தொப்பி இப்போது அவள் தலையில் அழகாக உட்கார்ந்தது.

எனக்கு மட்டும் ஒன்று குடைந்துகொண்டே இருந்தது. ஒரு நாள் துணி காயப்போடும்போது கேட்டுவிட்டேன்.

"நாமதான் போட்டியில தோத்துட்டோமே. அப்புறம் எதுக்குடி மொக்கு?"

"போட்டிக்கா வேண்டிக்கினேன்? நிச்சயம் நின்னுடணும்னு வேண்டிக்கினேன்."

"அது நின்னப்புறம் தானடி முடி குடுக்கணும்? நீ முன்னாடியே குடுத்துட்டியே."

"குடுத்தா தானக்கா நிக்கும்" என்றாள், ஈரச் சட்டையை உதறிக்கொண்டு.

நான் கிளிப்பைக் கையில் வைத்துக்கொண்டு அப்படியே நின்றேன். மாசி மாதத்திலிருந்து, சும்மா இரு என்று எல்லோரும் சொன்னபடி சும்மா இருந்தவள். மாப்பிள்ளையின் அம்மா முடியைக் கையில் ஏந்தியபோதே இவள் முடிவு செய்துவிட்டாள்! தினமும் என் பக்கத்தில் படுத்துக்கொண்டு, தினமும் என்னிடம் தலையைக் கொடுத்துப் பின்னிக்கொண்டு, ஒரு வார்த்தை மூச்சு விடவில்லை. அதிர்ச்சியோடு எனக்குக் கோபமும் பொத்துக்கொண்டு வந்தது.

"என்கிட்ட கூடச் சொல்லலையே. நான் இன்னா அவ்ளோ ஆகாதவளா?"

"சொல்லியிருந்தா நீ சுட்டிருப்பக்கா."

உண்மைதான். புத்தூர் பஸ் எத்தனை மணிக்கு என்று கூட அப்போது விசாரித்து வைத்திருந்தேன்.

இப்போது அவள் முடி தோளைத் தொட்டுவிட்டது. போன வாரம் அவள் அப்பா வீடியோவில் கூப்பிட்டார். வேலை எப்படி, சாப்பாடு எப்படி என்று கேட்டுவிட்டு, "கொஞ்சம் திரும்புமா, முடி பாக்கலாம்" என்றார். பக்கத்தில் கீரை ஆய்ந்துகொண்டிருந்த நான் நிமிர்ந்து பார்த்தேன். அவள் திரும்பிக் காட்டினாள். "நல்லா வந்துக்கினு இருக்குது. காளாஸ்திரியில ஒரு எடம் சொல்றாங்க, ஞாயித்துக்கிழம வா" என்றார். அவருக்கும் பாவம், மகளுக்கு நல்லது செய்வதாகத்தான் நினைப்பு.

போனை வைத்துவிட்டு அவள் என் பக்கத்தில் வந்து உட்கார்ந்தாள். நான் கீரையை அவள் பக்கம் நகர்த்தினேன். கேட்டால் சொல்லப் போகிறாளா என்ன? இரண்டு தண்டுகளை எடுத்து ஆய்ந்தாள்.

"அக்கா."

"இன்னா?"

"ஒரே புல்லுல ரெண்டாவது வாட்டி படுக்க முடியாதுக்கா. நைனாவுக்கு அந்த எடம் தெரிஞ்சிபோச்சி."

"அதுக்கு?"

"இந்த வாட்டி சத்தம் வேணும். ஞாயித்துக்கிழம நீயும் புத்தூர் வரியா?"

கீரைத் தட்டை அப்படியே தள்ளி வைத்துவிட்டு, எந்தப் புடவை கட்டிக்கொண்டு போவது என்று பெட்டியைத் திறந்தேன்.