என் பெயர் மட்டும் நீங்கிய வழக்கு

என் தாய் சிறையில் இருக்கிறாள். அங்கே இருக்க வேண்டியவள் நான்.

வரதட்சணைக் கொடுமை வழக்கில் என் தம்பிக்கும் அம்மாவுக்கும் தண்டனை கிடைத்தது. முதல் தகவல் அறிக்கையில் மூன்றாவதாக என் பெயரும் இருந்தது. பிறகு அது நீக்கப்பட்டது. ஏன் தெரியுமா? நான் கொல்லிமலையில் இருந்தேனாம்! மலைமேல் வளப்பூர் நாடு என்ற ஊரில் அரசு செவிலியராகப் பணிபுரிபவள், ராசிபுரத்து வீட்டில் நடந்ததற்கு எப்படிப் பொறுப்பாவாள்?

எப்படி என்று நான் சொல்கிறேன்.

என் திருமணத்துக்காக அப்பா தாம் பயிர் செய்த காட்டை விற்றார். என் மாமியார் வீட்டில் அதுவும் போதவில்லை. நான் பட்ட பேச்சுகளை இங்கே எழுத மாட்டேன். எழுதினால் என்மேல் உங்களுக்கு இரக்கம் வந்துவிடும். அப்பா இறந்தபின், போன காட்டுக்கு ஈடானதைத் தம்பி மனைவி மாலதியின் அப்பாவிடமிருந்து வாங்கிவிடலாம் என்று கணக்குப் போட்டேன். கார் கேட்கச் சொன்னது நான். கிடைக்கும்வரை அவளோடு முகம் கொடுத்துப் பேச வேண்டாம் என்றதும் நான். எல்லாம் கைபேசியில்... அம்மா பயந்த சுபாவம். நான் சொன்னதை அப்படியே செய்தாள். தம்பியோ, அம்மா சொன்னதைக் கேட்டு மாலதிமேல் கை ஓங்கினான்.

மாலதிக்கு இது தெரியாது. அழுதுகொண்டு என்னைத்தான் அழைப்பாள். நானும் ஆறுதல் சொல்வேன். எவ்வளவு இனிமையாகப் பேசியிருக்கிறேன்!

அவள் கருவுற்றிருந்தபோது ஒரு மதியம் அழைத்தாள்.

"அண்ணி, லேசா ரத்தம் படுதுங்க. பயமா இருக்குங்க."

"ஒன்னும் ஆகாது கண்ணு. படுத்துக்க. அம்மாகிட்டச் சொல்றேன்."

சொன்னேன். என்ன சொன்னேன் என்பதுதான் என் குற்றம்.

"ஆஸ்பத்திரிக்குக் கூட்டிட்டுப் போகட்டுமா சாமி?" என்று அம்மா கேட்டாள்.

"அவங்க அப்பன் கூட்டிட்டுப் போகட்டும். இன்னிக்கே அவ பொறந்த ஊரு முள்ளுக்குறிச்சிக்கு பஸ் ஏத்திவிடும்மா. மக இப்படி வந்து நின்னாத்தான் அந்தாளு இறங்கி வருவான்."

"மாசமா இருக்கற புள்ளடி..."

"நான் நர்ஸா, நீ நர்ஸா?"

இந்த மலையில் எத்தனை கர்ப்பிணிகளிடம் சொல்லியிருக்கிறேன், ரத்தம் பட்டால் ஒரு நொடியும் தாமதிக்காதீர்கள் என்று! தெரியாமல் செய்தேன் என்று சொல்ல எனக்கு வழியே இல்லை.

மாலதி பேருந்திலேயே மயங்கி விழுந்தாள். குழந்தை தங்கவில்லை.

என் பெயரைச் சேர்த்தவர் அவள் அப்பா. எடுத்தவள் மாலதி. காவல் நிலையத்தில் என் முன்னாலேயே சொன்னாள்: "அண்ணி மலையில இருந்தாங்க. எங்கிட்ட அன்பாப் பேசுனது அவங்க ஒருத்தருதாங்க."

அப்போது வாயைத் திறந்திருக்கலாமே! திறந்தேனா?

தீர்ப்பு வந்தபின் சிறையில் அம்மாவைப் பார்த்தேன். "நானே போய் உண்மையச் சொல்லிடறேன்மா" என்றேன். உண்மையாகவே சொல்லியிருப்பேனா... அம்மா மறுக்க வேண்டும் என்றுதான் கேட்டேனோ?

"வேலை போயிரும். உம் பொண்ணை யாரு பார்த்துக்குவா?" அவள் குரலைத் தாழ்த்தினாள். "நீ சொன்னே, சரி. செஞ்சது நானுந்தானே?"

அதைப் பிடித்துக்கொண்டு வெளியே வந்துவிட்டேன். அன்றிலிருந்து ஓரிடத்தில் உட்கார முடிவதில்லை. பணி முடிந்தும் வார்டுக்குள் நடக்கிறேன். கைபேசி ஒலித்தால் உடம்பு தூக்கிப் போடுகிறது.

போன வாரம் மாலதிதான் அழைத்தாள். சேலத்தில் ஒரு கடையில் வேலைக்குச் சேர்ந்திருக்கிறாளாம். நலம் விசாரித்தாள். பிறகு கேட்டாள்:

"அண்ணி, ஒன்னு கேக்கட்டுங்களா? அத்தைக்கு அத்தனை துணிச்சல் கிடையாதுங்க. அன்னிக்கு என்னை பஸ் ஏத்திவிடச் சொல்லி யாரோ சொல்லிக்குடுத்திருக்காங்க. யாருன்னு உங்களுக்குத் தெரியுங்களா?"

அவளே கதவைத் திறந்துவிட்டாள். ஒரு சொல் போதும்...

"தெரியலையே கண்ணு" என்றேன்.