டேக்கில் இடமில்லாமல் போன வரிகள்

எனக்குக் கோபம் வந்தால் முதலில் காதுதான் சிவக்கும் என்பாள் என் மனைவி. கம்பெனியில் என்னோடு வேலை செய்கிறவர்களுக்கும் இது தெரியும். திருப்பூரில் ஒரு பனியன் ஏற்றுமதிக் கம்பெனியில் லேபிளையும் டேக்கையும் சரிபார்ப்பது என் வேலை. என்ன நூல், எந்தத் தண்ணீரில் துவைப்பது, இஸ்திரி போடலாமா கூடாதா என்று சொல்லிக்கொண்டு இடுப்போரத் தையலில் ஒரு வெள்ளைத் துண்டு உறுத்துமே, அதில் ஓர் எழுத்து பிசகினாலும் என்னைத் தாண்டிப் போகாது. அந்தத் திமிர் எனக்கு நிறையவே உண்டு.

சில வருடங்களுக்கு முன்பு ஓர் ஆர்டரில் லேபிளின் கடைசி வரி விட்டுப்போனது. அடர்நிறத் துணியைத் தனியாகத் துவைக்கவும் என்ற வரி. பேக்கிங் எல்லாம் முடிந்து, பெட்டி ஒட்டி, லாரிக்குக் காத்திருந்த நேரத்தில்தான் பார்த்தேன். அத்தனை பெட்டியையும் பிரிக்கச் சொன்னேன். பேக்கிங் பெண்கள் முணுமுணுத்தார்கள். ஒரு வரிதானே, யார் படிக்கப் போகிறார்கள் என்றார்கள். எனக்குக் காது சிவந்துவிட்டது.

"பாதியச் சொல்லிப் பாதிய உட்டா அது பொய்யுங்க. வாங்குறவன் இத நம்பித்தான தண்ணில போடுவான்? நாம என்ன எழுதியிருக்கறமோ அதத்தான அவன் நம்புவான்?" என்று நடுக்கூடத்தில் நின்று கத்தினேன். எல்லாரும் முறைத்துக்கொண்டு நிற்க, ஒருத்தி மட்டும் சிரித்துக்கொண்டே முதல் பெட்டியின் டேப்பைக் கிழித்தாள். "அண்ணன் சொல்றது வாஸ்தவந்தானுங்க, வாங்க பிரிப்போம்" என்றாள். பிரித்துத் திரும்ப அடுக்க இரண்டு நாள் ஆனது. அவளைப் பற்றித்தான் இதை எழுதுகிறேன்.

என்னைவிடப் பத்து வயது இளையவள். பல்லடம் ரோட்டில் நாங்கள் போகும் அதே சின்னச் சபைக்குத்தான் அவளும் வருவாள். கணவன் தவறிப்போய் வெகுகாலம் ஆகிறது. ஒரே மகள், பத்தாவது படிக்கிறாள். ஞாயிற்றுக்கிழமை ஆராதனைக்குத் தவறமாட்டாள். புதன்கிழமை மாலை ஏழு மணிக்கு நான் நடத்தும் வேதபாட வகுப்புக்கு மட்டும் அவளால் வர முடியாது. கம்பெனியில் ஒன்றரை ஷிப்ட் போட்டுவிட்டு எட்டரைக்குத்தான் அவளுக்கு விடுதலை.

வகுப்பு என்றதும் பெரிதாக எண்ண வேண்டாம். நான் போதகர் இல்லை, படித்தவனும் இல்லை. ஆனால் எதை எங்கிருந்து எடுத்தார்கள் என்று துருவிப் பார்ப்பது என் தொழில் புத்தி. ஆதிச் சபைகளுக்கு எழுதிய நிருபங்களில், அதாவது கடிதங்களில், பழைய ஏற்பாட்டின் வரிகள் எங்கெல்லாம் வருகின்றன என்று தேடத் தொடங்கி, ஒரு நோட்டு நிறைய எழுதிவிட்டேன். தோண்டத் தோண்ட வந்துகொண்டே இருந்தது. சில இடங்களில் 'எழுதியிருக்கிறபடி' என்று சொல்லிவிட்டு எடுக்கிறார்கள். பல இடங்களில் அதுகூடச் சொல்வதில்லை. ஒரு தீர்க்கதரிசி சொன்னதில் பாதி, ஒரு சங்கீதத்தில் கால்வாசி என்று எடுத்துத் தங்கள் பேச்சோடு பேச்சாகச் சேர்த்துவிடுகிறார்கள்.

"இப்படிப் பிச்சுப் பிச்சு எடுத்தா தப்பில்லீங்களா?" என்று வகுப்பில் ஒருவர் கேட்டார். அதற்கு நான் சொன்ன பதிலில் எனக்கு அன்றைக்கு ஏகப் பெருமை. பல்லடம் பஸ்ஸில் பாட்டு ஓடும்போது டிரைவர் பாதியில் நிறுத்திவிட்டால் என்ன ஆகிறது? பின்சீட்டில் இருக்கிறவன் மீதியை முணுமுணுத்து முடிக்கிறான். அவனுக்கு முழுப் பாட்டும் தெரியும். அதே போலத்தான் அந்த நிருபங்களை எழுதியவர்களும். பழைய வேதம் ஜெபக்கூடங்களில் வாராவாரம் வாசித்துக் கேட்டு ஊறியது. ஒரு வரியைத் தொட்டால் மீதி அதிகாரம் கேட்கிறவர் மனதில் தானாக எழுந்து வரும் என்று நம்பித்தான் துண்டாக எடுத்தார்கள் என்றேன். எல்லாரும் தலையாட்டினார்கள். மீதி தெரியாதவர் கையில் அந்தத் துண்டு கிடைத்தால் என்ன ஆகும் என்று யாரும் கேட்கவில்லை. நானும் கேட்டுக்கொள்ளவில்லை.

எங்கள் சபையில் புது வருஷக் காலை ஆராதனை முடிந்ததும் வாக்குத்தத்தச் சீட்டு எடுப்பது வழக்கம். ஒரு தட்டில் வசனம் எழுதிய அட்டைகள் இருக்கும். குடும்பத்துக்கு ஒன்று, ஆளுக்கு ஒன்று என்று எடுத்துக்கொள்வார்கள். கையில் வந்தது அந்த வருஷம் முழுவதற்கும் ஆண்டவர் தனக்கென்று சொன்ன வார்த்தை. பீரோவில் ஒட்டுவார்கள், பர்ஸில் வைப்பார்கள், பெண் பார்க்கப் போகும்போதுகூட எடுத்துப் பார்த்துவிட்டுப் போவார்கள். வழக்கமாகக் கடையில் அச்சடித்து விற்பதை வாங்குவோம். அந்த வருஷம் நானே செய்து தருகிறேன் என்று ஏற்றுக்கொண்டேன். என்னை யாரும் கூப்பிடவில்லை, நானாகத்தான் போய் நின்றேன்.

கம்பெனியில் ரத்தான ஓர் ஆர்டரின் ஹேங் டேக் ஒரு கட்டு வீணாகக் கிடந்தது. சட்டைக் காலரில் தொங்குமே, அந்த அட்டை. நல்ல கெட்டி அட்டை, ஓட்டை போட்டு வெள்ளைக் கயிறும் கோத்திருந்தது. பின்பக்கம் வெறுமையாக இருந்தது. முதலாளியிடம் கேட்டு எடுத்துக்கொண்டேன். என் நோட்டில் இருந்த நிருப வரிகளையே அதில் அச்சடித்தேன். மூன்று வரிக்கு மேல் இடமில்லை. எழுத்தைப் பொடிப்பொடியாக்கினால் வயதானவர்களுக்குத் தெரியாது. வெட்டினேன்.

ஒரு டேக்கை என் மனைவி கையில் எடுத்துப் பார்த்தாள். மீனவராக இருந்த சீடரின் பெயரில் உள்ள நிருபத்திலிருந்து எடுத்த வரி அது. அவர் பட்ட காயங்களால் உங்களுக்குச் சுகம் கிடைத்தாயிற்று என்று பொருள். மூன்று வரிக்கு அளவெடுத்த மாதிரி உட்கார்ந்திருந்தது.

"ஏனுங்க, இதுக்கு முன்னால பாவத்தப் பத்தி ஏதோ வருமே, அது எங்கீங்க?"

"டேக்ல எடமில்ல."

"எடமில்லீன்னா வேற வசனம் போடறது."

"உனக்குத் தெரியுமா எனக்குத் தெரியுமா? கயித்தச் சிக்கல் எடுக்கற வேலையப் பாரு" என்றேன். காது சிவந்திருக்க வேண்டும். அவள் கயிற்றை எடுத்தாள்.

அவள் கேட்டது முழுக்க நியாயம். அந்த வரி ஒரு பழைய தீர்க்கதரிசியின் நீண்ட அதிகாரத்திலிருந்து வருகிறது. பிறர் குற்றத்தைச் சுமந்து அடி வாங்கி, வாய் திறக்காமல் போன ஓர் ஊழியனைப் பற்றிய அதிகாரம். நிருபத்தை எழுதியவர் அதிலிருந்து நான்கைந்து துண்டுகளை எடுத்து, பொல்லாத எஜமானிடம் காரணமில்லாமல் அடிபடும் வேலைக்காரர்களுக்கு எழுதுகிறார். வழி தப்பிய ஆடுகள் திரும்பி வந்ததுதான் அங்கே சொல்லும் சுகம். சளிக்கும் காய்ச்சலுக்கும் அங்கே பேச்சே இல்லை. இதையெல்லாம் நானே ஒரு புதன்கிழமை முழுக்கச் சொல்லியிருக்கிறேன். அன்றைக்கு, பெட்டி பிரித்த அந்தத் தங்கச்சி பேக்கிங்கில் டேக் அடித்துக்கொண்டிருந்தாள்.

புது வருஷத்தன்று அந்தச் சீட்டு அவள் கைக்குத்தான் போனது. அதற்கு முந்தைய ஐப்பசியிலிருந்து அவளுக்குக் காசநோய்க்கு வைத்தியம் நடந்துகொண்டிருந்தது. பஞ்சுத் தூசி இருமல் என்று விட்டுவிட்டு, தாமதமாகத்தான் ஆஸ்பத்திரிக்குப் போயிருந்தாள். மாத்திரையை ஒரு நாளும் விடக்கூடாது என்று சொல்லியிருந்தார்கள். சாப்பிட்டால் குமட்டும், இருந்தாலும் சாப்பிட்டு வந்தாள், உடம்பும் தேறியிருந்தது. டேக்கை வாசித்துவிட்டுக் கண் கலங்கி என்னிடம் கொண்டுவந்து காட்டினாள். "எனக்குன்னே வந்திருக்குதுங்கண்ணா" என்றாள். "ஆண்டவருக்குத் தோத்திரம்" என்றேன். பிரியாணிப் பொட்டலம் கொடுக்கும் வரிசையில் அப்போது சச்சரவு. அதைப் பார்க்கப் போய்விட்டேன்.

மாசி கடைசியில் பேக்கிங் டேபிளிலேயே அவளுக்கு இருமி ரத்தம் வந்தது. அரசு ஆஸ்பத்திரியில் சேர்த்தார்கள். பழைய மாத்திரை இனிக் கேட்காது, வேறு மாத்திரை, நீண்ட நாள் சாப்பிட வேண்டும், பிழைப்பது உடம்பின் கையில் என்று சொல்லி அனுப்பினார்கள். மகளுக்கு ஒட்டிவிடக் கூடாது என்று அவளைச் சித்தி வீட்டுக்கு அனுப்பிவிட்டு, ஒற்றை அறை வீட்டில் தனியாகக் கிடந்தாள். நானும் மனைவியும் முகக்கவசம் கட்டிக்கொண்டு பார்க்கப் போனோம். ஜன்னல் கம்பியில் ஒரு பிளாஸ்டிக் பை தொங்கியது. உள்ளே புது வருஷத்திலிருந்து வாங்கிய பழைய மாத்திரை அட்டைகள், ஒன்றுகூடப் பிரிக்காமல் இருந்தன. பையின் வாயை என் டேக்கின் வெள்ளைக் கயிற்றால் கட்டியிருந்தாள். அந்த மூன்று வரி வெளியே பார்த்துத் தொங்கியது.

"மாத்தர குடுக்கற அம்மாகிட்ட வாங்கி வாங்கி வெச்சுட்டனுங்க. சாப்பட்டனான்னு கேட்டா சாப்பட்டேன்னு சொல்லிப்போடுவேன். சுகமாயிருச்சுன்னு எழுதி வந்தப்பறம் மாத்தர முழுங்குனா அது நம்பாத மாதிரி ஆயிருமுல்லீங்க" என்றாள் என் மனைவியிடம். "என்ற விசுவாசந்தான் பத்தல போல." என் மனைவி என்னைப் பார்த்தாள். திட்டியிருந்தால் தேவலை.

அதற்குப் பிறகு நான் செய்ததை எழுதக் கை கூசுகிறது. அவளை எழுப்பி என் மனைவி முகம் கழுவ அழைத்துப் போன இடைவெளியில், அந்தக் கயிற்றை அவிழ்த்து டேக்கைச் சட்டைப் பைக்குள் போட்டுக்கொண்டேன். மறுநாள் டாக்டரோ போதகரோ வந்தால், எதை வாசித்து மாத்திரையை நிறுத்தினாய், யார் கொடுத்தது என்று கேட்பார்களே என்ற பயம்தான். ரத்தம் துப்பிக்கொண்டு கிடப்பவள் வீட்டில் திருடினேன். வெட்கங்கெட்டவன்.

பிறகு ஒவ்வொரு வாரமும் கஞ்சிக்கு அரிசி, முட்டை என்று ஏதாவது கொண்டுபோய்க் கொடுத்தேன். எல்லாரும் அண்ணன் மாதிரி அண்ணன் உண்டா என்றார்கள். ஒவ்வொரு முறையும் அவள் ஒன்றையே சொன்னாள். "அந்த டேக் எங்கியோ உழுந்துருச்சுங்கண்ணா. கட்டலுக்கடியிலகூடக் கூட்டிப் பாத்துட்டேன்." ஒரு நாள் நானும் குனிந்து கட்டிலுக்கடியில் தேடுவதாகப் பாவனை செய்தேன். புதன்கிழமை வகுப்பை, வேலை அதிகம் என்று சொல்லி நிறுத்திவிட்டேன்.

எந்த நேரத்தில் இதைச் சொல்லத் துணிந்தேன் என்று கேட்டால், துணிச்சல் ஒன்றும் இல்லை. அவள் புது மாத்திரையையும் ஒருநாள் விட்டு ஒருநாள் சாப்பிடுகிறாள் என்று என் மனைவி கண்டுபிடித்து வந்து சொன்னாள். "முழுசா முழுங்குனா ஆண்டவர நம்பாத மாதிரி இருக்குதாமா. நீங்க போய்ப் பேசறீங்களா, நானே டேக்கக் கொண்டுபோய்க் குடுத்துப்போடட்டுமா? அலமாரில சட்டைக்கடியில இருக்கறது எனக்குத் தெரியும்."

போனேன். வேதாகமத்தையும் டேக்கையும் கட்டிலில் வைத்தேன். "கீழ உழுவல அம்மிணி. நாந்தான் எடுத்தேன்" என்றேன். அவள் புரியாமல் பார்த்தாள். தீர்க்கதரிசியின் அதிகாரத்தை முதலிலிருந்து கடைசி வரை வாசித்தேன். பிறகு நிருபத்தில் அந்தப் பகுதி முழுவதையும் வாசித்தேன். எதை எங்கே வெட்டினேன், ஏன் வெட்டினேன், அதில் உடம்பு நோயைப் பற்றிப் பேச்சே இல்லை என்று எனக்குத் தெரியும், தெரிந்தும் அச்சடித்தேன், மாத்திரை சாப்பிடுவது விசுவாசக் குறைச்சல் இல்லை என்று ஒன்று விடாமல் சொன்னேன். "என்ன மன்னிச்சுக்கம்மிணி" என்று சொன்னபோது நான் அழுதுகொண்டிருந்தேன்.

அவள் டேக்கை எடுத்துத் திருப்பித் திருப்பிப் பார்த்தாள். அவளுக்குக் கோபம் வரட்டும் என்று காத்திருந்தேன். வரவில்லை.

"கடையில வாங்குன சீட்டா இருந்திருந்தா மாத்தரய நிறுத்தியிருக்க மாட்டனுங்கண்ணா" என்றாள். "இது நீங்க எழுதுனதுன்னு தெரியுமுங்க. ஒரு வரி உட்டுப்போச்சுன்னு அத்தன பெட்டியும் பிரிக்க வெச்சவருல்லீங்களா நீங்க. நீங்க எழுதியிருந்தா அதுல எதும் உட்டுப்போயிருக்காதுன்னு நெனச்சேன்."

அவள் தலையணைக்கடியிலிருந்து மாத்திரை அட்டையை எடுத்தாள். நான் எழுந்து போய் டம்ளரில் தண்ணீர் கொண்டுவந்து கொடுத்தேன். ஒவ்வொன்றாக எல்லாவற்றையும் விழுங்கி முடிக்கும் வரை பக்கத்தில் நின்றேன்.