பாகூருக்குப் பிணம் தேடிப் போன கதை

எழுபதுகளின் கடைசியில், ஒரு மாசி மாதம், பாகூருக்குப் பிணம் தேடிப் போனேன். பயப்படாதீர்கள், சினிமாவுக்குத்தான். அப்போது நான் ஒரு படக் கம்பெனியில் புரொடக்‌ஷன் உதவியாளன். நடிக்க ஆள் பிடிப்பது என் வேலை. பாகூர் ஏரிக்கரையில் கதாநாயகனின் அப்பாவைப் பாடையில் தூக்கிப்போகும் காட்சி. அப்பாவாகப் படுக்க வேண்டியவர் மெட்ராஸிலேயே காய்ச்சலில் படுத்துவிட்டார். “சாயங்காலத்துக்குள்ள ஆள் இல்லைன்னா நீ ஊருக்கு பஸ் ஏறிடு” என்றார் மானேஜர்.

பாண்டிச்சேரியிலிருந்து பாகூர் இருபது கிலோமீட்டர். அரியாங்குப்பம் தாண்டினால் வழியெல்லாம் நெல்லும் கரும்பும்தான். “இன்னா சார், பொணத்துக்கு ஏஜென்டா நீ?” என்றார் உள்ளூர் டிரைவர். அவர் வேனை ஓட்டியதைவிட என்னை ஓட்டியதுதான் அதிகம்.

பாடை என்றதும் ஊரில் பாதிப் பேர் நழுவிவிட்டார்கள். சினிமா என்றால் உயிரை விடும் கலியமூர்த்தி மட்டும் சம்மதித்தார். விடிகாலையிலிருந்து கரும்பு வெட்டிவிட்டு அப்போதுதான் வந்திருந்தார். பின்னாலேயே அவர் மனைவி அஞ்சலை வந்து நின்றார்.

“இன்னா சாரு, நான் குத்துக்கல்லாட்டம் நிக்கறேன், எம் புருசனப் பாடையில கெடத்துவியா?”

எங்கள் தொழிலில் ஒரு வழக்கம் உண்டு. செத்தவராக நடித்தவர் எழுந்து கேமராவைப் பார்த்துச் சிரிப்பதையும் படம் பிடித்து, பூசணிக்காய் உடைத்த பிறகே வீட்டுக்கு அனுப்புவோம். செத்தது பொய் என்று ஆகிவிடும். அதைச் சொன்னேன்.

“அப்ப அந்தச் சிரிப்ப மொதல்ல எடு.”

“செத்தாத்தானேம்மா எழுந்திரிக்க முடியும்?”

அரைமனதாகத் தலையாட்டினார்.

ஏரிக்கரையில் ஒரே டேக்கில் ஓகே. “கட்” சொன்னார்கள். பிணம் எழுந்திருக்கவில்லை. கூப்பிட்டோம், அசைவில்லை. அஞ்சலை அலறிக்கொண்டு ஓடிவந்து கன்னத்தில் ஒன்று விட்டார். கலியமூர்த்தி கண் விழித்து, “கொஞ்சம் அசந்துட்டன்டி” என்றார். களைப்பில் நிஜமாகவே தூங்கியிருக்கிறார் மனுஷன்! அவர் சிரித்த சிரிப்பைக் கேமரா பிடித்தது. அஞ்சலை அழுதுகொண்டே சிரித்தார். எனக்கும் கண்ணில் தண்ணீர் வந்துவிட்டது.

பாகூர் ஏரிக்குப் போகிறவர்கள் மழைக்காலம் முடிந்ததும் போங்கள், தண்ணீர் நிறைந்து கிடக்கும். வெயில் ஏறுவதற்குள் கரையில் நடந்துவிடுங்கள். யாரையாவது படம் எடுத்தால், அதில் எதைக் காட்டப் போகிறீர்கள், எதைக் காட்டமாட்டீர்கள் என்று அவர் வீட்டில் சொல்லிவிடுங்கள். அந்தச் சிரிப்பு திருஷ்டிக்காக எடுப்பது, படத்தில் வராது என்பது எங்களுக்குப் பழகிப்போன விஷயம். அஞ்சலையிடம் யாருக்கும் சொல்லத் தோன்றவில்லை.

படம் வந்ததும் பாண்டிச்சேரித் தியேட்டரில் மேட்னி ஷோ பார்த்தேன். முன் வரிசையில் கலியமூர்த்தியும் அஞ்சலையும். பாடை போனது, அடுத்த காட்சியும் வந்துவிட்டது.

“இன்னாயா, சிரிப்பக் காணோம்? ஏந்திரிய்யா!” என்று அஞ்சலை குரல் கொடுத்தார்.

கலியமூர்த்தி எழுந்து, திரும்பி, ஹால் முழுவதையும் பார்த்துச் சிரித்துக் கும்பிட்டார். விசில் கூரையைப் பிய்த்தது. திரையில் கதாநாயகன் அப்பாவை நினைத்து அழுதுகொண்டிருந்தார், பார்க்கத்தான் ஆளில்லை.

அஞ்சலை வேட்டியைப் பிடித்து இழுத்தார்.

“போதும், குந்து.”